பாட்டுக்கு அடியில் கிடந்த குரல்

என் மருமகள் அஜிதாவைப் பற்றிச் சொல்லப் போகிறேன். மாமியார் வாய் திறந்தால் குறைதான் வரும் என்று நினைப்பவர்கள் இப்போதே எழுந்து போகலாம். எனக்கு எழுத்துத் தெரியாது. நான் சொல்கிறேன், எழுதுகிறவர் எழுதட்டும். ஆனால் என் மகன் வருகிற இடத்தில் கொஞ்சம் பூசி எழுதலாமா என்று என்னிடம் கேட்கக் கூடாது. சம்மதிக்க மாட்டேன்.

அஜிதா இரணியல் பக்கத்துப் பெண். வயலும் தென்னையும் பார்த்து வளர்ந்தவள். ரப்பர் மரத்தைப் பஸ்ஸிலிருந்து பார்த்திருக்கிறாளே தவிர தொட்டதில்லை. குலசேகரத்துக்குக் கல்யாணமாகி வந்த மறுநாள், கொடியில் காய்கிற ரப்பர் ஷீட்டைப் பார்த்து மூக்கைப் பொத்திக்கொண்டு, "மாமி, இந்த நாத்தம் எப்பவும் இருக்குமா?" என்று கேட்டாள். "ஒனக்க மூக்குதான் மாறும், நாத்தம் மாறாது" என்றேன். என் வீட்டுக்காரர் அதைச் சாகும்வரை சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

அந்த மூக்கைப் பொத்தினவள் இன்று விடியுமுன் நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு மரத்தடியில் நிற்கிறாள். பாலுக்காகக் கத்தியால் பட்டை சீவுவதைத்தான் இங்கே வெட்டு என்போம். எங்கள் மரங்களையும் வெட்டுகிறாள், என் தம்பி ஜெயசிங்கின் மரங்களையும் பாதிக்குப் பாதி பேசி வெட்டுகிறாள். பாலெடுத்து, உறைய வைத்து, மெஷினில் அடித்து ஷீட்டாக்குவதும் அவளேதான். ஒருமுறை ஒரு வியாபாரி, "ஈரம் இருக்கு, ரெண்டாந்தரம்" என்று அவள் ஷீட்டைத் தள்ளி வைத்தான். அஜிதா ஷீட்டுக் கட்டைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு வெளியே நடந்துவிட்டாள். அவன் ரோடு வரைக்கும் ஓடி வந்து, "எக்கா, எறக்கி வையிங்க" என்று கெஞ்சினான். நாற்பது வயதில் ஸ்கூட்டர் படித்தாள். படித்த முதல் வாரம் கால்வாயில் விழுந்தாள். முழங்கால் வரை சேற்றோடு ஏறி வந்தவள் முதலில் கேட்டது, "ஷீட்டு நனஞ்சிட்டா?" என்பதுதான். இப்படி ஒரு மருமகள் யாருக்குக் கிடைத்திருக்கிறாள், சொல்லுங்கள்.

இனி என் மகன் செல்வதாஸ். பார்க்க லட்சணமாக இருப்பான், மெதுவாகத்தான் பேசுவான். மஸ்கட்டில் வேலை. லீவுக்கு வரும்போது ஒரு பெட்டி நிறையச் சாமான் வரும். ஒரு வருஷம் வீடியோ கேமரா வந்தது. கல்யாண வீட்டில் ஒருவன் தோளில் சுமந்துகொண்டு திரிவானே, அந்த மாதிரிப் பெரிதல்ல, கைக்குள் அடங்குகிறது. எங்கள் தெருவில் அப்படி ஒன்றை யாரும் பார்த்ததில்லை. அவன் அதைக் கீழே வைக்கவே மாட்டான். அஜிதா தோசை சுட்டால் எடுப்பான், பிள்ளை குளித்தால் எடுப்பான். எடுத்ததையெல்லாம் காசெட்டில் பெயர் எழுதி அடுக்கி வைத்திருந்தான். எடுக்கிறவன் அவன் என்பதால் அவன் முகம் எதிலும் கிடையாது.

அவர்களுக்கு ஒரே மகள், ஜாஸ்மி. அவளுக்கு மூன்று வயது முடிந்த சமயம் அவன் லீவில் வந்து, மூன்று பேருமாக, ஆற்றுக்கு மேலே அத்தனை உயரத்தில் நிற்கிற மாத்தூர் தொட்டிப்பாலம் பார்க்கப் போனார்கள். அப்போது அவர்கள் தனியாக வேறு வீட்டில் இருந்தார்கள். அன்று சாயங்காலம் அஜிதா மட்டும் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, பஸ் பிடித்து, நேராக எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"மாமி, நான் இனி இஞ்ச இருந்துக்கிடட்டா?"

"உள்ள வா" என்றேன்.

பிள்ளைக்குச் சோறு கொடுத்துப் படுக்க வைத்த பிறகு கேட்டேன். "பாலத்துல வச்சு அவரு பிள்ளைய விட்டுடச் சொன்னாரு மாமி" என்றாள். அதற்கு மேல் சொல்லவில்லை, நானும் தோண்டவில்லை. எனக்கு அது போதும். அவள் என்னிடம் ஒரு சத்தியம் மட்டும் வாங்கினாள். "பிள்ளைகிட்ட ஒருநாளும் சொல்லாண்டாம். அவளுக்கு அப்பான்னு ஒருத்தரு இருக்கட்டும்."

செல்வதாஸ் தேடி வந்தான். நான் கேட்டில் நின்று, "நாளைக்கு வா" என்றேன். மறுநாள் வந்தான். "நாளைக்கு வா" என்றேன். அவனுக்கு லீவு முடிந்து விமானம் ஏறும்வரை இதையேதான் சொன்னேன். பெற்ற மகனிடம் அப்படிச் சொன்னாயே என்று ஜெயசிங் இன்றைக்கும் கேட்கிறான். அவன் என் மகன்தான். இன்றும் வந்தால் சோறு போடுகிறேன். ஆனால் அவள் உள்ளே இருந்தாள், அவன் வெளியே நின்றான். அதை நான் மாற்றவில்லை.

ஜாஸ்மி அப்பாவைப் போனில் வளர்த்துக்கொண்டாள். பிறந்தநாளுக்குப் பார்சல் வரும், கிறிஸ்துமஸுக்கு உடுப்பு வரும். அவன் பேசினால் ஒரு வார்த்தை கடுமை இருக்காது. "அப்பா எவ்வளவு பாசமா பேசுறாரு பாட்டி" என்பாள். பள்ளிக்கூடச் செலவும் நர்சிங் படிப்பும் அஜிதாவின் ரப்பர் வெட்டுகிற கத்தியால் நடந்தது. பாசம் போனில் நடந்தது. அஜிதா இரண்டையும் ஒன்றோடொன்று மோத விடவில்லை.

பிள்ளை படித்து நாகர்கோவிலில் வேலைக்குச் சேர்ந்தாள். லிஜின் என்ற நல்ல பையனோடு கல்யாணம் பேசி முடித்தோம். அந்தச் சமயத்தில்தான் செல்வதாஸ் ஒரேயடியாக ஊருக்குத் திரும்பி வந்தான். நாகர்கோவிலில் வாடகைக்கு வீடு பிடித்தான். மகளைப் பார்க்க வரும்போது அந்தப் பழைய காசெட்டுகளைப் பையோடு கொண்டுவந்து கொடுத்தான். "உனக்க சின்ன வயசு முழுக்க இதுல இருக்கு மக்கா. கல்யாண மண்டபத்துல போடலாம்" என்றான். அதை நினைத்தால்தான் எனக்கு இன்னும் ஒரு மாதிரி இருக்கிறது. ஒளித்து வைத்திருந்தால் புரியும். அவனே பெருமையோடு கொண்டுவந்து கொடுத்தான்.

ஜாஸ்மி அதைக் குலசேகரத்தில் பெனிட்டோவின் ஸ்டூடியோவில் கொடுத்தாள். அவன் எல்லாவற்றையும் ஒரு பென்டிரைவில் ஏற்றிக் கொடுத்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை, சர்ச் முடிந்து வந்து, கிழங்கும் மீன்கறியும் தின்றபடி எல்லோரும் டிவி முன்னால் உட்கார்ந்தோம். செல்வதாஸும் இருந்தான், ஜெயசிங்கும் இருந்தான்.

படம் நன்றாகத்தான் இருந்தது. முதலிலிருந்து கடைசிவரை காதல் பாட்டு. அஜிதா பிள்ளைக்குத் தலை சீவுகிறாள், பாட்டு. பிறந்தநாள் கேக்கை ஊட்டுகிறாள், சிரிக்கிறாள், பாட்டு. தொட்டிப்பாலத்தின் கைப்பிடிச் சுவரில் பிள்ளை உட்கார்ந்து கலகலவென்று சிரிக்கிறது. பக்கத்தில் ஒட்டி நின்று அஜிதாவும் சிரிக்கிறாள். அப்புறம் ஒரே வானம், வானத்தில் பெனிட்டோ பறக்கவிட்ட சிவப்பு இருதயங்கள்.

ஜெயசிங் மீன்முள்ளைத் துப்பிவிட்டுச் சொன்னான்: "ஏட்டி அஜிதா, என்னா சந்தோசமா இருந்திருக்கிய! இப்பிடி ஒரு மாப்பிளைய விட்டுட்டு ரப்பர் மரத்தப் போய்க் கெட்டிப் பிடிச்சியே."

"மரத்துக்குச் சாயா போட்டுக் குடுக்காண்டாம் மாமா" என்றாள் அஜிதா.

எல்லோரும் சிரித்தார்கள். ஜாஸ்மி சிரிக்கவில்லை. அஜிதா எழுந்து அடுக்களைக்குப் போனதும் இவளும் தட்டோடு பின்னாலேயே போனாள். கறி எடுக்கப் போன நானும் அங்கேதான் மீன்சட்டிப் பக்கம் இருந்தேன்.

"எம்மா, அதுல நீ சிரிச்சிட்டுதான இருக்க. பின்ன என்னத்துக்கு என்னையத் தூக்கிட்டு வந்த?"

"அது பழைய கத மக்கா."

"எனக்குப் பழசில்ல. எல்லாப் பிள்ளையளும் அப்பா கையப் பிடிச்சிட்டு ஸ்கூலுக்கு வந்துதுவ. நான் போன்ல கிஸ் வாங்குனேன். அத நீதான செஞ்ச?"

அஜிதா குழாயைத் திறந்து சட்டியைக் கழுவ ஆரம்பித்தாள்.

"அப்பாதான் என்னையச் சர்ச்சுக்குள்ள கைபிடிச்சுக் கூட்டிட்டு வரணும். நான் சொல்லிட்டேன்."

"சரி மக்கா" என்றாள். குழாயை மூடவில்லை.

அன்று அவள் ஷீட் அடிக்கிற இடத்துக்கு நான் போனேன். "சத்தியத்த இப்ப திருப்பித் தா. நான் அவகிட்ட சொல்லுகேன்" என்றேன்.

"கல்யாணப் பிள்ள மாமி. இப்பம் போயி அவளுக்க மனசக் கலக்கவா? என் மேல உள்ள கோவம் ஒரு பிள்ளப் பெத்தா மாறும். அப்பன் மேல வந்தா மாறாது."

"உனக்கு அவளக் கைபிடிச்சு நடக்க ஆச இல்லியா?"

மெஷினின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தவள் நிறுத்தினாள். "ஆச இல்லாமலா? மரம் வெட்டிட்டு நடக்கும்போ, பிள்ள பக்கத்துல நடந்து வாற மாதிரி எத்தன நாளு நெனச்சிருக்கேன். அதுக்காவ சொல்லிக் கேக்க முடியுமா மாமி? அவளா தரணும்."

அவிழ்த்துக் கொட்டிவிடலாம் என்றிருந்தது. ஆனாலும் சத்தியம் சத்தியம்தான்.

நான் அடுத்து செய்தது அந்தச் சத்தியத்தை மீறுவதற்காக அல்ல, இதை நம்ப வேண்டும். எனக்கு அந்தப் படத்தில் வேறு ஒரு குறை இருந்தது. அதில் என் வீட்டுக்காரர் ஒரு இடத்தில் வருகிறார். முற்றத்தில் நின்று கையை நீட்டி என்னவோ சொல்கிறார், வாய் அசைகிறது, வருவதோ காதல் பாட்டு. அந்த மனுஷன் ஆராதனையில் கூட வாய் திறந்து பாடாதவர். அவர் போன பிறகு அவர் குரல் எங்கேயும் இல்லை. அது அந்தப் பாட்டுக்கு அடியில் கிடக்கிறது. எனக்கு அது வேண்டும்.

"எல்லாருக்கும் பாட்டுப் போட்டுதான் குடுப்பாங்க பாட்டி" என்றாள் ஜாஸ்மி.

"எனக்குப் பாட்டு வேண்டாம். தாத்தா வேணும்."

மூன்று நாள் அதையே சொன்னேன். தாங்காமல் ஆட்டோ பிடித்துக் கூட்டிப் போனாள். பெனிட்டோ என்னைப் பார்த்துச் சிரித்தான்.

"பாட்டி, பாட்டு இல்லாம குடுத்தா ஆளுவ நம்மகிட்ட சண்டைக்கு வருவாங்க. உள்ள என்ன இருக்கும்? காத்து இரைச்சலு, காக்கா சத்தம், கோழி சத்தம்."

"எனக்குக் கோழி சத்தமும் வேணும்."

"கொள்ளாம், நல்ல பாட்டிதான்" என்று சொல்லிவிட்டு, கம்ப்யூட்டரில் பழையபடி இருந்ததைத் தேடி எடுத்துப் போட்டான்.

கோழி கொக்கரித்தது. அப்புறம் அவர் குரல் வந்தது. "லேய் செல்வா, அந்தச் சாதனத்த அங்கன வை. மழ வருது, மொதல்ல ஷீட்ட எடு!" நான் கடையில் உட்கார்ந்து சத்தமாகச் சிரித்தேன், கண்ணில் தண்ணீரும் வந்தது. "இன்னொருக்கா போடுலே" என்றேன். போட்டான். ஜாஸ்மி என் தோளைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "மத்ததையும் பாட்டில்லாமக் கேப்போம் அண்ணா" என்றாள்.

அடுத்து பிறந்தநாள். அஜிதா கேக்கை ஊட்டுகிறாள்.

"சிரி" என்றது செல்வதாஸின் குரல்.

"சிரிச்சேம்லா."

"அது சிரிப்பா? பல்லு தெரியணும். பிள்ள வாயில இருக்கத எடு. மறுபடி ஊட்டு."

"அவ முழுங்கிட்டா."

"அப்போ வேற துண்டு ஊட்டு. நான் சொன்ன பிறவு அவ வாயத் தொறந்தா போதும்."

பிள்ளை, "வேண்டாம்மா, வேண்டாம்மா" என்று அழுகிறது. அஜிதா ஊட்டுகிறாள், பல் தெரியச் சிரிக்கிறாள், மறுபடி ஊட்டுகிறாள். அவன் சத்தம் போடவே இல்லை. பொறுமையாக, தாழ்ந்த குரலில், போனில் மகளிடம் பேசுவானே, அதே குரலில்தான் சொல்கிறான். ஜாஸ்மியின் கை என் தோளிலேயே இருந்தது, ஆனால் அவள் சிரிப்பு நின்றுவிட்டது.

பெனிட்டோ, "போதுமா தங்கச்சி?" என்றான்.

"இல்லண்ணா. பாலத்தப் போடுங்க."

பாலத்தில் காற்று ஊளையிட்டது.

"பிள்ளைய செவுத்து மேல இருத்து."

"காத்து அடிக்குது."

"இருத்துன்னேம்லா. ஆங். இப்பம் கைய எடு. படத்துல உனக்க கை தெரியுது."

"விழுந்துருவா."

"விழமாட்டா. நான் சொல்லும்போ எடு. எடு அஜிதா."

அவன் சொல்லிக்கொண்டே இருக்க, அதற்கும் அடியில் ஒரு சின்னக் குரல், மூச்சு மாதிரி, பிள்ளையின் காதோடு: "அம்மா புடிச்சிருக்கேன் மக்கா, அம்மா புடிச்சிருக்கேன்." அது காதில் கூசித்தான் பிள்ளை அப்படிச் சிரித்திருக்கிறது. பாட்டோடு பார்த்தபோது அஜிதா சும்மா ஒட்டி நிற்கிறாள் என்று நினைத்தோமே, பின்னால் மறைந்திருந்த அவளுடைய கை பிள்ளையின் கவுனை முறுக்கிப் பிடித்திருந்தது.

"கைய விடு."

"முடியாது."

"என்ன சொன்ன?"

"முடியாதுன்னேன்."

அப்புறம் பிள்ளையை வாரிக்கொண்டு ஓடுகிற செருப்புச் சத்தம் கேட்டது. பிள்ளை அழுதது. படத்தில் வானம் மட்டும் இருந்தது. "சவம், படத்தக் கெடுத்துட்டா" என்றான் என் மகன்.

பெனிட்டோ எழுந்து போய் எங்களுக்குச் சாயா சொன்னான். அது நல்ல பையன் செய்கிற காரியம்.

ஜாஸ்மி அதைத் தன் போனில் ஏற்றி வாங்கிக்கொண்டாள். வீட்டில் அம்மாவிடம் அதைக் காட்டவில்லை. நான் கேட்டதற்கு, "அப்பாகிட்ட ஒருக்கா கேக்கணும் பாட்டி. கேக்காம முடிவு சொல்லக் கூடாது" என்றாள். அவள் அஜிதா வளர்த்த பிள்ளை.

மறுநாள் செல்வதாஸ் கோட் தைக்கக் கொடுத்த கதையைச் சொல்லிக்கொண்டு வந்தான். முன்னறையில் நாற்காலியில் உட்கார வைத்து, ஜாஸ்மி போனை அவன் முன்னால் பிடித்தாள். "கைய விடு" என்ற குரல் வந்ததும் அஜிதா அடுக்களையிலிருந்து ஈரக்கையோடு வந்து நின்றாள். அவளுக்கு அப்போதுதான் தெரியும்.

அவன் முழுவதையும் பார்த்தான். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. "இதுல என்ன இருக்கு மக்கா? படம் நல்லா வரணும்னு சொன்னேன். நீ விழல்லேல்லா?"

"அம்மா கைய விட்டிருந்தா?"

"அவ விடமாட்டான்னு எனக்குத் தெரியும்."

"பின்ன என்னத்துக்கு விடச் சொன்னிய?"

அவன் என்னைத் திரும்பிப் பார்த்து, "எம்மா, நீ சொல்லு" என்றான்.

"கேள்வி உனக்கிட்ட கேட்டது. நீ சொல்லு" என்றேன்.

அவன் காட்டக் கொண்டுவந்திருந்த கோட் துணியின் துண்டு ஒன்றை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே இருந்தான். பதிலுக்குக் காத்திருந்தபோது ஜாஸ்மியின் முகத்தில் இருந்த ஆசையை நான் பார்த்தேன். தப்புத்தான் என்று ஒரு வார்த்தை அவன் சொல்லியிருந்தால் அவள் அப்படியே எடுத்துக்கொண்டிருப்பாள்.

"அப்பா, நீங்க கல்யாணத்துக்கு வாருங்க" என்றாள் கடைசியில். "முன் பெஞ்சுல பாட்டி பக்கத்துல இருங்க. என்னையக் கூட்டிட்டு வாறது அம்மா."

"ஏட்டி, வேண்டாம்" என்றாள் அஜிதா. "ஊர்ல இல்லாத வழக்கம்…"

"நீ சும்மா இரும்மா. ஒருத்தரு கைய விடுன்னு சொல்லியும் விடாத கையி எனக்கு வேணும். அதத்தான் கேக்கேன், தருவியா?"

அஜிதா ஈரக்கையைச் சேலையில் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள். பிறகு தலையை ஆட்டினாள்.

ஜெயசிங் குதித்தான். "பொம்பள கூட்டிட்டு வந்தா மாப்பிள வீட்டுக்காரன் என்ன நெனப்பான்?" லிஜினிடமே போய்க் கேட்டான். அவன், "யாரு கூட்டிட்டு வந்தாலும் பொண்ணு வந்து சேந்தா போதும் தாத்தா" என்று சொல்லி என் தம்பியின் வாயை அடைத்தான். போதகர், "நான் கேள்வி கேப்பேன். பதில் சொல்ல ஒரு ஆளு வேணும், அவ்வளவுதான்" என்றார்.

கல்யாண நாளில் அஜிதா பச்சைக் கரை வைத்த சேலை உடுத்தியிருந்தாள். மெதுவாக நடக்கச் சொல்லி எத்தனை பேர் சொல்லியும் அவளுக்கு வேகம்தான் வந்தது. வெள்ளைச் சேலையும் தலையில் போட்ட நெட்டுமாக ஜாஸ்மி, "எம்மா, பைய, பைய" என்று பின்னாலேயே இழுபட்டு வந்தாள். சர்ச் முழுக்கச் சிரித்தது. என் பக்கத்தில் செல்வதாஸ் புதுக் கோட்டில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தான். வந்தான் அல்லவா, அதையும் சொல்லிவிடுகிறேன்.

போதகர் புத்தகத்தைப் பார்த்து, இந்தப் பெண்ணைக் கொடுக்கிறது யார் என்று கேட்டார். எத்தனையோ கல்யாணத்தில் பார்த்திருக்கிறேன், அப்பன்மார் அந்த இடத்தில் தொண்டையைச் செருமிவிட்டுத் தலையை மட்டும் ஆட்டுவார்கள். அஜிதா நிமிர்ந்து நின்றாள்.

"நான் குடுக்கேன்" என்றாள். கடைசி பெஞ்சுக்கு அந்தப் பக்கம், வெளியே பந்தலில் சாம்பார் கிண்டிக்கொண்டிருந்தவனுக்கும் கேட்டிருக்கும்.

"இவளுக்கு மைக்கே வேண்டாம்" என்று ஜெயசிங் என் காதில் முணுமுணுத்தான்.

அவன் தொடையில் வலிக்க ஒரு கிள்ளு வைத்தேன். என் மருமகளைத் திரும்பிப் பார்க்காதவர்கள் அந்த சர்ச்சில் ஒருவர்கூட இல்லை.